ஆள்கனம்

ஆடி மாதத்தின் முதல் காற்று பாலக்காட்டுக் கணவாயைத் தாண்டி வந்த அன்று, துளசிமணி வான்முகடு என்னும் கட்டடத்தின் முப்பத்தோராம் மாடிக்கு அடியிலுள்ள பராமரிப்பு நடையில் நின்று, செவிக்கோலின் நுனியை விட்டத்தின்மேல் வைத்துக் கேட்டுக்கொண்டிருந்தாள். மேலே ஒருவர் நடந்துகொண்டிருந்தார். ஆறாயிரம் சதுர அடி வீட்டில் ஒரே ஒருவர். கூடத்தின் ஒரு கோடியிலிருந்து மறுகோடிக்குப் போய்ச் சேர அவருக்கு முப்பத்திரண்டு எட்டு தேவைப்பட்டது. காற்று ஒருமுறை ஓங்கி அறைந்தபோது நடை நின்றது. வெகுநேரம் எந்தச் சத்தமும் இல்லை. பிறகு வாசற்கதவுப் பக்கமாக வேகமாக நாலு எட்டு, மறுபடி நிசப்தம்.

துளசிமணி சிரித்துக்கொண்டாள். இரண்டு மாதமாக அவளுக்குத் தினமும் காலையில் இதைக் கேட்டால்தான் காபி இறங்கியது.

மேலே நடந்தவர் தெய்வசிகாமணி. இந்தக் கட்டடத்தைக் கட்டியவர். துளசிமணியின் தங்கை சுகந்தியைக் கொன்றவர். இரண்டாவதை அவள் மட்டும்தான் சொல்வாள். விசாரணைக் குழு அப்படிச் சொல்லவில்லை.

கட்டடங்கள் பருமனை நம்பி நிற்பதை விட்டுவிட்ட காலம் அது. கல்லும் கம்பியும் திணித்த பழைய உத்தரங்களின் இடத்தில் உணர்விட்டங்கள் வந்திருந்தன. ஒரு உணர்விட்டம் ஆளின் தொடையளவுகூட இருக்காது. அதற்குள் ஆயிரக்கணக்கான இழைகள் மின்னோட்டத்தால் முறுக்கேறி நிற்கும். எங்கே பாரம் விழுகிறதோ அங்கே அது தானாக இறுகும். தன்னால் தாங்க முடியாததைப் பக்கத்து விட்டத்துக்குத் தள்ளிவிடும். முந்நூறு விட்டங்கள் ஒன்றையொன்று கேட்டுக்கொண்டு ஒரே உடம்பாக நிற்பதுதான் தாங்குவலை. இழைகள் தளராமலும் அளவு மீறி முறுகாமலும் பார்த்துக்கொள்கிறவர்களுக்கு மீட்டுநர் என்று பெயர். துளசிமணி பதினாறு வருடமாக மீட்டுநர்.

வான்முகட்டில் எந்த வீடும் இன்னொன்றின்மேல் உட்கார்ந்திருக்கவில்லை. நடுவில் ஒரு தூண். அதிலிருந்து ஒவ்வொரு வீடும் இரண்டு விட்டங்களில் வெளியே நீட்டிக்கொண்டிருந்தது. காற்று எல்லை மீறித் தூணை வளைத்தால் தாங்குவலை ஒரு வீட்டை விட்டுவிடும். பல்லி வாலை விடுவதுபோல. பாரம் குறைந்ததும் தூண் நிமிர்ந்துகொள்ளும். விழும் வீட்டுக்காகக் கட்டடத்தைச் சுற்றி வேலி போட்ட வெற்றுநிலம் ஒன்று எப்போதும் காத்திருக்கும். எந்த வீடு முதலில், எது அடுத்தது என்று ஒவ்வொரு கட்டடத்துக்கும் ஒரு முறிவு வரிசை வேண்டும் என்பது சட்டம். ஆளில்லாத அறைதான் அதில் முதலில் வரவேண்டும்.

ஐந்து வருடத்துக்கு முன் வான்முகட்டின் வரிசையில் முதலில் இருந்தது ஏழாம் மாடியின் மேற்கு அறை. 'காலி' என்று கட்டியவர் எழுதிக் கொடுத்திருந்தார். துளசிமணி அதைத் தன் கையால் தாங்குவலையில் ஏற்றினாள். அதற்கு ஒரு வருடம் கழித்துச் சுகந்திக்கு அதே கட்டடத்தின் சலவைக்கூடத்தில் வேலை கிடைத்தது. தங்க இடமும் கொடுத்திருக்கிறார்கள், ஏழு பேர் சேர்ந்து இருக்கிறோம், ஜன்னலைத் திறந்தால் மலை தெரிகிறது என்று போனில் சொன்னாள். எந்த மாடி என்று துளசிமணி கேட்கவில்லை. அந்த ஆடியில் காற்று வந்தபோது வரிசைப்படி முதல் அறை விழுந்தது. அது காலி அறை என்பதால் யாரும் அதைத் தாமதப்படுத்தவில்லை.

அந்தப் பெண்கள் தனக்குத் தெரியாமல் அங்கே தங்கினார்கள் என்று தெய்வசிகாமணி விசாரணையில் சொன்னார். ஒரு மேற்பார்வையாளர் வேலையிழந்தார். ஏழாம் மாடியில் பல் விழுந்த இடம்போல் இருந்த பொந்தைப் பச்சைத் துணி போட்டு மூடினார்கள்.

துளசிமணி வேலையை விடவில்லை. அதே கட்டடத்தைக் கேட்டு வாங்கிக்கொண்டாள். அடுத்த மூன்று வருடம் அவள் ஒரே ஒரு மனுவோடு அலைந்தாள். முறிவு வரிசையைக் காகிதத்தை நம்பி எழுதக்கூடாது, விட்டங்களே எண்ணட்டும் என்பது அவள் கோரிக்கை. உயிருள்ள உடம்பு அசையும், மூச்சு விடும், புரண்டு படுக்கும். மூட்டையும் மேசையும் அப்படிச் செய்யாது. அந்த வித்தியாசம் விட்டத்துக்குத் தெரியும். எத்தனை சதுர அடிக்கு எத்தனை ஆள் என்று அது நொடிக்கு நொடி கணக்கிட்டு, ஆள்கனம் எங்கே மிகக் குறைவோ அந்த வீட்டை முதலில் வைக்கட்டும் என்றாள். எரிந்துபோன நெஞ்சோடு ஒரு பெண் நியாயம் கேட்கிறாள் என்று பத்திரிகைகள் எழுதின. அது பொய்யில்லை. ஆனால் மனுவின் முதல் வரியை எழுதும் முன்பே, மனைவி இறந்து பிள்ளைகள் வெளிநாடு போனபின் தெய்வசிகாமணி முப்பத்தோராம் மாடியில் தனியாக இருக்கிறார் என்பதை அவள் விசாரித்து வைத்திருந்தாள்.

ஆள்கன விதி சட்டமான அன்று வான்முகட்டின் வரிசை தானாக மாறியது. அதை அச்செடுத்து, அவளே மேலே கொண்டுபோனாள்.

அவர் கண்ணாடியைப் போட்டுக்கொண்டு இரண்டு தடவை படித்தார்.

"என்னங்க அம்மிணி இது? என்ற வீடு மொதல்ல நிக்குது?"

"விட்டம் எண்ணினதுங்க. நான் எழுதலீங்க."

அவர் மாற்றச் சொன்னார். மேலிடத்தில் பேசுவதாகச் சொன்னார். பிறகு குரலைத் தாழ்த்தி, தனக்கு எழுபது வயதாகிறது என்றார். துளசிமணி எல்லாவற்றுக்கும் பொறுமையாகத் தலையாட்டினாள். வேறு வீடு பார்த்துப் போகலாமே என்று யோசனையும் சொன்னாள். கட்டியவனே காலி பண்ணினால் கட்டடத்தில் எவன் இருப்பான் என்று அவர் முனகினார். அது அவளுக்கு முன்பே தெரியும்.

எழுந்திருக்கும்போது அவள் சொன்னாள்: "ஏழாவது மாடீல இருந்த புள்ளைகளுக்கு இப்படி ஒரு கடுதாசிய யாரும் கொண்டுபோய்க் குடுக்கலீங்க. உங்களுக்கு நானே கொண்டுவந்திருக்கறன்."

அப்போதுதான் அவளை யாரென்று அவருக்குத் தெரிந்தது. அந்த முகத்தைப் பார்க்கத்தான் அவள் மூன்று வருடம் உழைத்திருந்தாள்.

அதற்குப்பின் அவர் படுக்கையில் தூங்கவில்லை. கதவோரம் நாற்காலி போட்டுக்கொண்டு உட்கார்ந்தபடியே கண்ணயர்ந்தார். எல்லாம் விட்டத்தின் வழியாக அவளுக்குக் கேட்டது.

ஆடி முதல் காற்று அடித்த அந்த வாரமே தெய்வசிகாமணி வழியைக் கண்டுபிடித்துவிட்டார். முதலில் சொந்தக்காரர்களை வரவழைத்தார். அவர்கள் நாலு நாள் விருந்து சாப்பிட்டுவிட்டுப் போய்விட்டார்கள். பிறகு கட்டடத்தில் வேலை செய்கிறவர்களைக் குடும்பத்தோடு கூப்பிட்டார். தோட்டக்காரர், சலவைக்காரர், தண்ணீர் ஏற்றும் பொறியைப் பார்த்துக்கொள்ளும் காளியப்பனும் அவன் மனைவி ருக்குமணியும் என்று நாற்பத்தியொரு பேர் அவருடைய கூடத்தில் பாய் விரித்தார்கள். தன் வீட்டையே தொழிலாளர்களுக்குத் திறந்துவிட்ட பெரிய மனிதர் என்று படத்தோடு செய்தி வந்தது. வரிசையில் அவர் வீடு முதலிடத்திலிருந்து கடைசி இடத்துக்குப் போனது.

துளசிமணி செவிக்கோலை வைத்துக் கேட்டாள். மேலே குழந்தைகள் ஓடினார்கள். யாரோ மாவு இடித்தார்கள். அந்தச் சந்தடிக்கு நடுவில் ஒரு ஆள் நிம்மதியாகக் குறட்டை விட்டார். தங்கையைச் சாகக் கொடுத்துத் தான் பெற்ற சட்டம் அவரைத் தூங்கவும் வைத்து, நல்லவராகவும் ஆக்கிவிட்டது.

இரண்டு வாரம் பொறுத்துப் பார்த்தாள். அதற்குள் மற்ற வீட்டுக்காரர்களும் விஷயத்தைப் புரிந்துகொண்டு ஆள் சேர்க்க ஆரம்பித்திருந்தார்கள். யார் வீட்டிலும் ஒரு அறை சும்மா இல்லை. வெளியே போகிறவர்கள் யாரையாவது உட்காரவைத்துவிட்டுப் போனார்கள். தூணில் பாரம் நாளுக்கு நாள் ஏறியது. ஆனாலும் அது எல்லைக்குள்தான் இருந்தது. அதைப் பற்றி அவள் மேலிடத்துக்கு எழுதிய அறிக்கைக்கு அப்படித்தான் பதிலும் வந்தது.

ஒரு வியாழக்கிழமை மதியம் சலவைக்கூடத்தில் ருக்குமணியைத் தனியாகப் பிடித்து, அவர்களை எதற்காக மேலே குடிவைத்திருக்கிறார் என்று சொன்னாள். ருக்குமணி துணியைப் பிழிந்துகொண்டே கேட்டாள்.

"தெரியுங்கக்கா. கனத்துக்குத்தான் வெச்சிருக்காரு. எல்லாத்துக்கும் தெரியும். ஆனா தண்ணி வருது. புள்ளைக காத்தோட்டமாத் தூங்குது. எங்களுக்கு என்ன நட்டம்?"

துளசிமணி இதை எதிர்பார்க்கவில்லை. கோபம் வந்தது. அதோடு, சொல்லக்கூடாத ஒன்றையும் சொன்னாள். தூண் இந்த ஆடிக்குத் தாங்காது, மேல்மாடி பெரிய பாரமாக இருக்கிறது, மீட்டுநர் என்ற முறையில் சொல்கிறேன், பிள்ளைகளோடு அங்கே இருக்காதே என்றாள். அது பொய். தூண் தாங்கும் என்று அவளுக்கு நன்றாகத் தெரியும்.

"நெசமாவாக்கா?"

"என்ற தங்கச்சி மேல ஆணையாச் சொல்றன்."

வெள்ளிக்கிழமை சாயங்காலத்துக்குள் நாற்பத்தியொரு பேரும் பாயைச் சுருட்டிக்கொண்டு எட்டிமடைப் பக்கம் இருந்த பழைய விடுதிக்குப் போய்விட்டார்கள். தெய்வசிகாமணி லிப்ட் வாசல்வரை வந்து கெஞ்சினார் என்று காவலாளி சொன்னார். துளசிமணி தன் மீட்டறையைச் சாத்திக்கொண்டு திரையைப் பார்த்தாள். முப்பத்தோராம் மாடி, ஆள் ஒன்று. வரிசையில் முதல் இடம்.

ஞாயிற்றுக்கிழமை பிற்பகல் கணவாயிலிருந்து புயல்போல் காற்று வந்தது. எல்லோரும் வீட்டிலேயே இருக்கும்படி காலையிலிருந்து அறிவிப்பு. இரண்டரை மணிக்கு லிப்டுகள் நின்றன. மூன்று மணிக்குத் தூண் கிழக்கே சாயத் தொடங்கியது. தரைத்தளத்தில் இருந்த மீட்டறையின் சுவர்கூட மெல்ல முனகியது. துளசிமணி திரையின் முன் உட்கார்ந்திருந்தாள். காதில், விட்டங்களின் ஒலியைக் கொண்டுவரும் கேள்கருவி. மேசையின் ஓரத்தில் சிவப்புப் பிடி.

அதற்குத் தாமதப் பிடி என்று பெயர். விடப்போகும் வீட்டில் ஆள் இருந்தால் மீட்டுநர் அதை இழுக்கலாம். இருபது நிமிடம் தாங்குவலை அந்த வீட்டை விடாமல் பிடித்துக்கொள்ளும். ஆள் படியிறங்கி வர அவகாசம். அந்த இருபது நிமிடத்தில் காற்று இன்னும் ஏறினால் மொத்தக் கட்டடத்துக்கும் ஆபத்து. ஆகவே இழுப்பதும் விடுவதும் மீட்டுநரின் பொறுப்பு. சாய்மானம் ஐந்தைத் தாண்டிவிட்டால் இழுக்கக்கூடாது. நாலுக்குக் கீழே இருந்தால் கட்டாயம் இழுக்கவேண்டும். இரண்டுக்கும் நடுவில் அவள் மனசாட்சி.

சாய்மானம் நாலு புள்ளி மூன்று.

திரையில் எழுத்து வந்தது. மேற்கு முப்பத்தொன்று. ஆள் ஒன்று. விடவா?

இழுத்தால் அவர் பிழைத்துவிடுவார். முப்பத்தொரு மாடியும் இறங்கி வந்து, நனைந்துபோன சட்டையோடு கீழே நின்று, நாளைக்கு இன்னொரு கூட்டத்தைக் குடிவைப்பார். சுகந்தியோடு தங்கியிருந்த ஆறு பெண்களின் பெயரையும் துளசிமணி ஒவ்வொன்றாக மனதுக்குள் சொன்னாள். கையைப் பிடிக்குப் பக்கத்தில்கூடக் கொண்டுபோகவில்லை.

கேள்கருவியில் ஏதோ அசைவு கேட்டது. மேலே இருந்தவர் எழுந்து நடக்க ஆரம்பித்திருந்தார். சாகப்போகிறவருடைய நடையைக் கேட்க அவள் விரும்பவில்லை. கேட்டால் இளகிவிடுவோமோ என்ற பயம். கருவியைக் காதிலிருந்து கழற்றி மேசைமேல் வைத்தாள்.

தாங்குவலை பதினைந்து நொடி காத்திருந்தது. பிறகு தானாக முடிவெடுத்தது. சத்தம் முதலில் தரை வழியாக வந்தது, அப்புறம்தான் காது வழியாக. தூண் ஒருமுறை உதறிக்கொண்டு நிமிர்ந்தது. சாய்மானம் இரண்டுக்கு இறங்கியது. முந்நூறு குடும்பங்கள் பிழைத்தன.

அவள் எழுந்து வெளிக்கூடத்துக்கு வந்தாள். படிக்கட்டு வழியாக ஜனங்கள் இறங்கி வந்துகொண்டிருந்தார்கள். சிலர் அவள் கையைப் பிடித்துக்கொண்டு அழுதார்கள். அவளுக்கு நெஞ்சு லேசாகிவிட்டது. நாலு வருடத்தில் முதல்முறையாக முழுமூச்சு விட்டதுபோல் இருந்தது.

கண்ணாடிக் கதவுக்குப் பக்கத்தில் நாற்காலியில் தெய்வசிகாமணி உட்கார்ந்திருந்தார். சட்டை நனையவில்லை.

துளசிமணி அவரைப் பார்த்தபடியே நின்றாள்.

"மேல யாருங்க?"

அவர் நிமிர்ந்து பார்க்கவில்லை. லிப்ட் நிற்பதற்கு முன்பே, இரண்டு மணிக்கே இறங்கிவிட்டதாகச் சொன்னார். வீட்டைக் காலியாக விட்டால் உடனே விழுந்துவிடுமே என்று, வேலைக்கு வந்திருந்த காளியப்பனைக் கூப்பிட்டு, கொஞ்ச நேரம் உட்கார்ந்திரு, மருந்து வாங்கிக்கொண்டு வந்துவிடுகிறேன் என்றாராம்.

"ஆள் இருந்தா நீங்க பிடியை இழுப்பீங்கன்னு நெனச்சனுங்க அம்மிணி" என்றார். "ஒரு உசுரு உள்ள இருக்கறப்ப விடமாட்டீங்கன்னு நம்புனனுங்க."

காளியப்பனுக்கு இடது கால் கொஞ்சம் இழுக்கும். மூன்று வருடமாக அவன் மாடிமாடியாக ஏறி இறங்கும் சத்தத்தை அவள் கேட்டிருக்கிறாள். கருவி காதில் இருந்திருந்தால் இரண்டாவது எட்டிலேயே தெரிந்திருக்கும்.

விசாரணை பத்து நாளில் முடிந்தது. பிடி இழுக்கப்படவில்லை, சாய்மானம் நாலு புள்ளி மூன்று, முடிவு மீட்டுநரின் அதிகாரத்துக்கு உட்பட்டது, கட்டடம் காப்பாற்றப்பட்டது. அறிக்கையைப் பொதுவில் வைத்தார்கள். குடியிருப்போர் சங்கம் அவளுக்குச் சால்வை போர்த்தக் கூப்பிட்டது. அவள் போகவில்லை. மேசைமேல் கழற்றிவைத்த கருவியைப் பற்றி யாரும் கேட்கவில்லை, அவளும் சொல்லவில்லை. தெய்வசிகாமணி மகனோடு வெளிநாடு போய்விட்டார். அவள் அதைக் கேள்விப்பட்டபோது கோபம்கூட வரவில்லை. கோபம் இருந்த இடத்தில் வேறொன்று வந்து உட்கார்ந்திருந்தது. அது சலவைக்கூடத்தில் துணியைப் பிழிந்துகொண்டே "நெசமாவாக்கா?" என்று கேட்டது.

வான்முகட்டை விட்டுவிட்டு அலுவலக வேலைக்கு மாறிக்கொண்டாள். புதிய மீட்டுநர்களின் விண்ணப்பங்களைச் சரிபார்த்து முத்திரை போடும் வேலை. அதற்கடுத்த தை மாதத்தில் ஒருநாள் முற்பகல், வரிசையில் ஐந்தாவதாக ருக்குமணி வந்து எதிரில் உட்கார்ந்தாள். கொஞ்சம் மெலிந்திருந்தாள். சான்றிதழ்களை ஒழுங்காக அடுக்கிக் கொண்டுவந்திருந்தாள்.

துளசிமணியால் தலை நிமிர முடியவில்லை. ஒவ்வொரு தாளாகப் புரட்டினாள். எல்லாம் சரியாக இருந்தது. வழக்கமாகக் கேட்கும் கேள்வியைக் கேட்டாள், இந்த வேலைக்கு ஏன் வர விரும்புகிறாய் என்று.

"அந்த அறிக்கைய நாலு தடவ படிச்சனுங்க" என்றாள் ருக்குமணி. குரலில் சண்டையில்லை. "எல்லாம் புரிஞ்சுது. பிடிய எப்ப இழுக்கோணும், எப்ப இழுக்க வேண்டாங்கறது மட்டும் புரியல. அத இங்க சொல்லித் தருவாங்களா?"

"தருவாங்க."

ருக்குமணி தலையாட்டினாள். மேசைமேல் இருந்த பெயர்ப்பலகையைப் பார்த்தாள். அப்புறம் துளசிமணியைப் பார்த்தாள்.

"நீங்க இப்ப எங்கக்கா குடியிருக்கறீங்க?"

"போத்தனூர்ல. நொய்யல் மாடம். பதினெட்டாவது மாடி."

"கூட யாரு இருக்கறாங்க?"

பொய் சொல்லியிருக்கலாம். ஒரு பொய் ஏற்கெனவே சொல்லியாயிற்று.

"யாருமில்ல அம்மிணி. நான் மட்டுந்தான்."

விண்ணப்பத்தில் 'பயிற்சிக்கு விரும்பும் கட்டடம்' என்ற இடத்தை ருக்குமணி எழுதாமல் விட்டிருந்தாள். இப்போது பேனாவைக் கேட்டு வாங்கி, தாளைத் தன் பக்கம் திருப்பி, நிதானமாக எழுதித் திரும்பக் கொடுத்தாள். துளசிமணி அதைப் படித்துப் பார்த்துவிட்டு, முத்திரையை மையில் தோய்த்துக் குத்தினாள்.